கேட்டுக்கு உள்ளேயே இருந்து பார்த்தாயிற்று

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன சனிக்கிழமை உங்கள் வீட்டுமனை இணைப்பில், பழைய மாமல்லபுரம் சாலையில் வரப்போகிற ஒரு பெரிய அடுக்குமாடிக் குடியிருப்பைப் பற்றி முழுப் பக்கம் போட்டிருந்தீர்கள். நீச்சல் குளம், யோகா மண்டபம், மருந்துக்கடை, மழலையர் பள்ளி, எல்லாம் சரி. நடுவில் ஒரு வரி: "இங்கே குடிவருபவர்கள் எதற்காகவும் கேட்டைத் தாண்ட வேண்டியதில்லை." மகனிடம் படித்துக் காட்டினேன். அவன் சிரித்துவிட்டு ஆபீசுக்குப் போய்விட்டான். எனக்கு அன்று முழுக்க வேறு வேலை ஓடவில்லை.

நான் நாவலூரைத் தாண்டி, இதே சாலையில், 900 வீடுகள் கொண்ட ஒரு குடியிருப்பில் 14வது மாடியில் இருக்கிறேன். தொலைபேசி இலாகாவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். கேட்டைத் தாண்டாமல் இருப்பது எப்படி என்று என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

முதலில் தண்ணீர். எங்களுக்கு மெட்ரோ வாட்டர் குழாய் கிடையாது. போர்வெல் தண்ணீரில் பாத்திரம் தேய்த்தால் வெள்ளையாகப் படிகிறது. ஆளுக்கு ஒரு நாளைக்கு 135 லிட்டர் என்பது அரசாங்கக் கணக்கு. வீட்டுக்கு மூன்றே பேர் என்று வைத்தாலும் 900 வீட்டுக்கு 3,64,500 லிட்டர். 24,000 லிட்டர் லாரியில் பதினைந்து லாரி! கோடையில் போர் வற்றினால் அத்தனையும் கேட்டைத் தாண்டித்தான் உள்ளே வரும், எங்கோ ஒரு கிராமத்தில் யாருடைய வயல் கிணற்றிலிருந்தோ. 2019 ஜூனில் காலையில் இரண்டு மணி நேரம், மாலையில் ஒரு மணி நேரம் என்று திறந்துவிட்டார்கள். லாரிக்காரர் போனை எடுக்கவில்லை என்றால் சங்கச் செயலாளருக்கு ரத்தக் கொதிப்பு ஏறிவிடும். வருகிற தண்ணீர் இப்படி என்றால், போகிற தண்ணீரும் கேட்டைத் தாண்டித்தான் போகிறது. சுத்திகரிப்பு நிலையம் பழுதாகும் நாட்களில் கழிவுநீர் லாரி இரவு பதினொரு மணிக்கு மேல் வந்து உறிஞ்சிக்கொண்டு போகும். எங்கே கொண்டுபோய்க் கொட்டுகிறார்கள் என்று நாங்கள் யாரும் கேட்டதில்லை. நானும் கேட்டதில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

இந்த வீட்டை 2012இல் பதிவு செய்தோம். 2014 கடைசியில் சாவி என்றார்கள், 2017 ஆவணியில்தான் பால் காய்ச்சினோம். நடுவில் மூன்று வருஷம் ஒரு பக்கம் அயனாவரத்தில் வாடகை, மறுபக்கம் வங்கித் தவணை. 1,180 சதுர அடிக்குப் பணம் கட்டியிருக்கிறோம், உள்ளே டேப் பிடித்து அளந்தால் 830. மீதி எங்கே என்று கேட்டால் லிஃப்ட், படிக்கட்டு, வராந்தா எல்லாவற்றிலும் உங்கள் பங்கு இருக்கிறது அம்மா என்றார் வீடு விற்ற கம்பெனிப் பையன். சரி, என் பங்கு லிஃப்ட்டில்தான் தினமும் நிற்கிறேன்.

மௌலிவாக்கத்தில் 11 மாடிக் கட்டடம் சரிந்து 61 பேர் செத்தார்களே, 2014 ஜூன் 28, உங்களுக்கு நினைவிருக்கும். பெரும்பாலும் வேலைக்கு வந்த தொழிலாளிகள். அந்த வாரம்தான் எங்களுக்குக் கட்டடக் கம்பெனியிலிருந்து "ஒன்பதாவது ஸ்லாப் போட்டாகிவிட்டது, பணம் கட்டவும்" என்று கடிதம் வந்தது. மகன் கடிதத்தை ஒரு கையிலும் உங்கள் பேப்பரை இன்னொரு கையிலும் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. கட்டினோம். கட்டாவிட்டால் வட்டி.

பூங்கா கதை இதைவிட வேடிக்கை. வீடு பார்க்க வந்த அன்று மாதிரிக் கட்டடத்தைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக் காட்டினார்கள், எங்கள் பால்கனிக்கு எதிரே பச்சைப் பஞ்சில் மரங்கள் ஒட்டியிருந்தது. 2019இல் புதிய கட்டட விதிகள் வந்தன. 18.30 மீட்டருக்கு மேல் உயரமான கட்டடத்துக்கு எஃப்.எஸ்.ஐ., அதாவது மனைப் பரப்பைப் போல எத்தனை மடங்கு கட்டலாம் என்ற கணக்கு, 3.25 என்றார்கள். அவ்வளவுதான், பச்சைப் பஞ்சு இருந்த இடத்தில் "மூன்றாம் கட்டம்" எழும்பியது. இப்போது என் பால்கனியிலிருந்து எதிர் வீட்டு வாஷிங் மெஷினில் என்ன சுற்றுகிறது என்று பார்க்கலாம். மூன்றில் இரண்டு பங்குப் பேரின் எழுத்து மூலமான சம்மதம் இல்லாமல் திட்டத்தை மாற்றக் கூடாது என்று ரியல் எஸ்டேட் சட்டம் சொல்கிறதாமே. என்னிடம் யாரும் கேட்கவில்லை. பத்திரம் பதிந்த அன்று எத்தனை இடத்தில் கையெழுத்துப் போட்டேனோ, அதில் ஒன்று இதற்காக இருக்கும்.

மிச்சம் இருக்கிற ஒரே பூங்கா ஓ.எஸ்.ஆர். நிலம், அதாவது திறந்தவெளிக்கென்று ஒதுக்க வேண்டிய இடம். பத்தாயிரம் சதுர மீட்டருக்கு மேல் இடம் என்றால் பத்தில் ஒரு பங்கை ஊருக்குத் தானப் பத்திரம் எழுதிக் கொடுத்தாக வேண்டும். அதாவது அது ஊருக்குச் சொந்தம். ஆனால் அங்கே ஊர்ப் பிள்ளைகள் பந்து விளையாட வந்தால் எங்கள் செக்யூரிட்டி விரட்டுகிறார். அதைக் கேட்கப் போனால் சங்கக் கூட்டத்தில் "ஆன்ட்டி, சேஃப்டி முக்கியம்" என்கிறார்கள்.

மிக்ஜாம் புயல் வந்த 2023 டிசம்பரில்தான் உங்கள் அந்த வரியை நாங்கள் முழுசாக வாழ்ந்து பார்த்தோம். அடித்தளத்தில் தண்ணீர், மின்சாரம் இல்லை, ஜெனரேட்டருக்கு டீசல் தீர்ந்தது, லிஃப்ட் நின்றது. மூன்று நாள் நான் கேட்டைத் தாண்டவில்லை, வாசற்படியையே தாண்டவில்லை. 14 மாடி ஏறி எனக்குப் பால் பாக்கெட்டும் ஒரு குடம் தண்ணீரும் கொண்டுவந்தது யார் தெரியுமா? கேட்டுக்கு வெளியே டீக்கடை வண்டி போடும் பையன். "அந்த வண்டி அசிங்கமாக இருக்கிறது, எடுக்கச் சொல்லுங்கள்" என்று அதற்கு இரண்டு மாதம் முன்னால் சங்கத்தில் மனு எழுதினோம், அதில் நானும் கையெழுத்துப் போட்டிருந்தேன். அவனுக்கும் அது தெரியும். பாலைக் கொடுத்துவிட்டு, முட்டி வலி எப்படி இருக்கும்மா என்று கேட்டுவிட்டுப் போனான்.

ஆகவே ஐயா, கேட்டுக்கு வெளியே ஒன்றுமே தேவையில்லை என்று எழுதுகிறவர்களை ஒரு நாள் எங்கள் மாடிக்கு அனுப்புங்கள், நான் காபி போட்டுக் கொடுக்கிறேன். லாரி வந்திருந்தால்.

அந்தப் பக்கத்தின் மேல் மூலையில் "விளம்பரதாரர் பகுதி" என்று கடுகு போலப் போட்டிருப்பதைப் பேத்தி காட்டித்தான் பார்த்தேன். யார் எழுதிக் கொடுத்தால் என்ன, உங்கள் பேப்பர் என்று நம்பித்தானே 31 வருஷமாக வாங்குகிறேன். அந்த எழுத்தைக் கொஞ்சம் பெரிதாகப் போடச் சொல்லுங்கள். தண்ணீர் எங்கிருந்து வரும் என்று ஒரு வரியும் சேர்த்தால் நல்லது. வேறொன்றும் கேட்கவில்லை.

கடிதத்தைச் சுருக்கித்தான் போடுவீர்கள், தெரியும். எதை வெட்டினாலும் லாரிக் கணக்கை வெட்டாதீர்கள்.

இப்படிக்கு,
14வது மாடி வாசகி,
சென்னை