மார்ச் 19-ஐ மறந்துவிடு

அன்பு மகள் வள்ளிக்கு,

நீ அனுப்பிய ஸ்கேன் ரிப்போர்ட்டை அப்பாவும் நானும் பார்த்தோம். போனில் பேசினால் நீ பாதியிலேயே அழ ஆரம்பித்துவிடுகிறாய், அதனால் எழுதுகிறேன். மாப்பிள்ளையையும் படிக்கச் சொல்.

முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். பிரசவத் தேதி ஏப்ரல் 6 என்று உன் டாக்டர் எழுதியதுதான் சரி. மார்ச் 19-ஐ விட்டுவிடு.

நீ போட்ட கணக்கில் கூட்டல் பிழை இல்லை. கடைசி பீரியட்ஸின் முதல் நாள் ஜூன் 12. அதோடு ஒன்பது மாதமும் ஏழு நாளும் கூட்டினால் மார்ச் 19 வரும், மொத்தம் 280 நாள். நேகலே என்ற ஜெர்மன் டாக்டர் பெயரால் வழங்கும் கணக்கு இது. துணை சுகாதார நிலையத்தில் வேலை பார்த்த காலமெல்லாம் நானும் இதைத்தான் போட்டேன். ஆனால் அந்தக் கணக்கு ஒன்றை நம்பி நிற்கிறது. மாதவிலக்கு 28 நாளுக்கு ஒருமுறை தவறாமல் வர வேண்டும், பதினான்காம் நாள் வாக்கில் கருமுட்டை வெளிவர வேண்டும். உனக்கு என்றைக்கு 28 நாளில் வந்தது? பிளஸ் டூ படிக்கும்போதே நாற்பது, நாற்பத்தைந்து நாள் என்று இழுக்கும். பொதுவாக அடுத்த விலக்குக்கு இரண்டு வாரம் முன்னால்தான் முட்டை வெளியாகும். 45 நாள் சுற்று என்றால் அது 31-ஆம் நாள் வாக்கில் வரும், அதாவது சாதாரணக் கணக்கைவிட 17 நாள் தாமதம். ஸ்கேன் காட்டும் வித்தியாசம் 18 நாள். இரண்டும் இவ்வளவு ஒட்டி வரும்போது எனக்குச் சந்தேகமே இல்லை.

ஸ்கேன் எடுத்த அக்டோபர் 30 அன்று உன் கணக்குப்படி சரியாக 20 வாரம். ரிப்போர்ட் 17 வாரம் 3 நாள் என்கிறது. முதல் மூன்று மாதத்திலேயே ஸ்கேன் எடுத்திருந்தால் குழந்தையின் தலையிலிருந்து பிட்டம் வரை ஒரே நீளத்தை அளந்து, ஐந்து முதல் ஏழு நாள் முன்பின்னாகத் தேதியைச் சொல்லியிருப்பார்கள். பீரியட்ஸ் வழக்கம்போலத் தள்ளிப்போகிறது என்று நீ இருந்தாய், அப்புறம் வீடு மாற்றும் அலைச்சல். போகட்டும். இப்போது குழந்தை மடங்கியும் நிமிர்ந்தும் கிடப்பதால் அந்த நீளம் உதவாது. அதற்குப் பதில் நான்கு அளவு எடுப்பார்கள்: தலையின் அகலம், தலையின் சுற்றளவு, வயிற்றின் சுற்றளவு, தொடை எலும்பின் நீளம். நாலையும் சேர்த்து மெஷின் வாரத்தைச் சொல்லும். இந்தப் பருவத்தில் அது பத்து நாள் வரை முன்பின்னாக இருக்கலாம். அதனால் 16 வாரத்திலிருந்து 22 வாரத்துக்குள் எடுக்கும் ஸ்கேனுக்கு டாக்டர்களிடம் ஒரு விதி உண்டு. பீரியட்ஸ் கணக்குக்கும் ஸ்கேனுக்கும் பத்து நாளுக்குள் வித்தியாசம் என்றால் பழைய தேதியையே வைத்துக்கொள்வார்கள், அதற்கு மேல் போனால் ஸ்கேன் தேதிக்கு மாறுவார்கள். உனக்கு 18 நாள். அதனால்தான் மாற்றினார்கள், வேறு ஒன்றும் இல்லை.

நீ கேட்காமல் விட்ட கேள்வி எனக்குத் தெரியும். கணக்கு 20 வாரம்தானோ, குழந்தைதான் வளராமல் 17 வார அளவில் நிற்கிறதோ என்று ராத்திரி படுத்துக்கொண்டு யோசித்திருப்பாய். ரிப்போர்ட்டின் இரண்டாம் பக்கத்தை எடுத்துப் பார். நாலு அளவும் பதினேழு வாரத்தை ஒட்டியே இருக்கின்றன. தலை வளர்ந்து வயிறு மட்டும் பின்தங்கியிருந்தால் நானும் கவலைப்பட்டிருப்பேன். பனிக்குட நீர் அளவும் சரியாக இருக்கிறது. இதற்கு மேலும் உறுதி வேண்டுமென்றால் நவம்பர் 20-ஆம் தேதி ஸ்கேன் இருக்கிறதே, அதில் தெரிந்துவிடும். மூன்று வாரத்தில் மூன்று வார வளர்ச்சி இருந்தால் குழந்தை தன் வேகத்தில் நன்றாக வளர்கிறது என்று அர்த்தம். அந்த ஸ்கேனைத் தவறவிடாதே, அதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. பதினேழு வாரத்தில் இதயத்தின் அறைகளெல்லாம் தெளிவாகத் தெரியாது. உறுப்புகளைப் பார்க்கும் ஸ்கேனுக்கு 18-இலிருந்து 20 வாரம் வாக்கில்தான் வரச் சொல்வார்கள். நவம்பர் 20 அன்று உனக்கு 20 வாரம் 3 நாள். பழைய தேதியையே பிடித்துக்கொண்டிருந்தால், ஸ்கேன்தான் முடிந்துவிட்டதே என்று அதை விட்டிருப்பார்கள்.

அசைவு தெரியவில்லை என்று அழுததற்கும் இதுதான் பதில். தலைப்பிள்ளைக்கு 18-இலிருந்து 20 வாரத்தில்தான் தெரிய ஆரம்பிக்கும். நஞ்சுக்கொடி கருப்பையின் முன்பக்கம் ஒட்டியிருந்தால் இன்னும் கொஞ்சம் தாமதமாகும். உனக்கு 18 வாரம் ஆகி இரண்டு நாள்கூட முழுதாக ஆகவில்லை.

உன் அத்தை வயிற்றைப் பார்த்து மாசம் சொல்வதைப் பற்றி எழுதியிருந்தாய். சிரிக்காதே. ஸ்கேன் எட்டாத ஊர்களில் நாங்களும் கையால்தான் பார்த்தோம். கருப்பையின் மேல் விளிம்பு இடுப்பு எலும்பை ஒட்டி எட்டிப் பார்த்தால் 12 வாரம், தொப்புள் மட்டத்துக்கு வந்தால் 24 வாரம் என்றுதான் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். தேதி கேட்டால் பாதிப் பேர், அம்மன் கோயில் கொடைக்கு மறுநாள், ஆடி அமாவாசைக்கு நாலு நாள் முன்னால் என்றுதான் சொல்வார்கள். காலண்டரைப் புரட்டி நாங்கள் தேதியைக் கண்டுபிடிப்போம். சிலர் விலக்கான முதல் நாளைச் சொல்லாமல் தலைக்குக் குளித்த நாளைச் சொல்வார்கள், அதிலேயே சில நாள் போய்விடும். கைக்கணக்கு மோசமில்லை. ஆனால் இரட்டைக் குழந்தை, நீர் அதிகம், கருப்பையில் கட்டி, அவ்வளவு ஏன், சிறுநீர்ப்பை நிரம்பியிருந்தால்கூட ஏமாற்றிவிடும். அத்தையிடம் வாதாடாதே, கேட்டுக்கொள்.

இனிமேல்தான் நீ கவனமாக இருக்க வேண்டும். ஏழாம் மாதத்தில் ஒரு ஸ்கேன், ஒன்பதாம் மாதத்தில் ஒரு ஸ்கேன் எடுப்பார்கள். ஒவ்வொரு ரிப்போர்ட்டிலும் அன்றைய அளவை வைத்து மெஷின் தானாக ஒரு பிரசவத் தேதியை அச்சடிக்கும். ஒன்றில் மார்ச் 30 என்று இருக்கும், இன்னொன்றில் ஏப்ரல் 14 என்று இருக்கும். அதைப் பார்த்துவிட்டு எனக்கு நள்ளிரவில் போன் போடாதே. பாதிக் கர்ப்பம் வரை எல்லாக் குழந்தைகளும் ஏறக்குறைய ஒரே வேகத்தில் வளரும். அதற்குப் பிறகு பெற்றவர்களின் உடல்வாகு, தாயின் சர்க்கரை, ரத்த அழுத்தம் எல்லாம் புகுந்துவிடும். கடைசி மூன்று மாதத்தில் ஸ்கேன் சொல்லும் தேதி மூன்று வாரம்கூட முன்பின் போகலாம். அந்த ஸ்கேன் குழந்தையின் எடையையும் வளர்ச்சியையும் பார்ப்பதற்கு. தேதியை ஒருமுறை முடிவு செய்தாயிற்று, இனி யாரும் அதை நகர்த்தக் கூடாது.

நகர்த்தினால் என்ன ஆகிவிடும் என்று கேட்பாய். மார்ச் 19 என்றே வைத்திருந்தால் மார்ச் 26 அன்று 41 வாரம். தேதி தாண்டிவிட்டது என்று வலி வருவதற்கு மருந்து ஏற்றுவார்கள். உண்மையில் அன்று குழந்தைக்கு 38 வாரம் 3 நாள்தான் ஆகியிருக்கும். கர்ப்பப்பை வாய் பக்குவப்படாமல் கிடக்கும், மருந்துக்கு வலி எடுக்காமல் கடைசியில் ஆபரேஷனில் போய் முடியலாம். எதிர்ப்பக்கமும் உண்டு. குறைமாதத்தில் வலி வந்தால், குழந்தையின் நுரையீரல் பக்குவப்படப் போடும் ஊசியைப் போடலாமா வேண்டாமா என்பதே வாரக் கணக்கை வைத்துத்தான் முடிவாகும்.

ஏப்ரல் 6 என்பதால் அன்றைக்கே பையைத் தூக்கிக்கொண்டு கிளம்ப வேண்டும் என்றில்லை. சொன்ன தேதியிலேயே பிறக்கும் பிள்ளை நூற்றுக்கு நாலைந்துதான். மார்ச் 16-க்கு 37 வாரம் முடிகிறது. அதிலிருந்து எந்த நாளும் ஆகலாம், ஏப்ரல் இரண்டாம் வாரம் வரைகூடப் போகலாம்.

இதில் உன் அத்தைக்கு ஒரு நல்ல சேதி இருக்கிறது. பழைய கணக்கில் ஏழாம் மாதம் டிசம்பர் 12-இலிருந்து ஜனவரி 12 வரை வந்தது. நாலு நாள் தவிர மீதி எல்லாம் மார்கழி. வளைகாப்பை ஒன்பதாம் மாதத்துக்குத் தள்ளலாமா என்று என்னிடமே கேட்டார்கள். இப்போது 18 நாள் தள்ளிப்போய்விட்டதால் ஏழாம் மாதம் டிசம்பர் 30-இல்தான் தொடங்குகிறது. பொங்கல் கழிந்து தை பிறந்த பிறகும் இரண்டு வாரம் கையில் இருக்கிறது. நாள் பார்க்கச் சொல்லிவிட்டேன். ஸ்கேனை நம்பாதவர்கள்கூட இந்த ஸ்கேனை நம்பிவிட்டார்கள்!

வளைகாப்பு முடிந்ததும் நேரே நம் வீட்டுக்கு வந்துவிடு. 26 வாரப் பிரசவ விடுப்பில் பிரசவத்துக்கு முன்னால் எட்டு வாரம் வரைதான் எடுக்கலாம், ஏப்ரல் 6-க்கு அது பிப்ரவரி 9. அதுவரை இங்கிருந்தே வேலை பார்க்க முடியுமா என்று ஆபீஸில் இப்போதே கேட்டு வை. ஆபீஸில் மார்ச் 19 என்று எழுதிக் கொடுத்திருந்தால் அதையும் திருத்து. ரயில் முன்பதிவு 60 நாளுக்கு முன்தான் திறக்கும், அதை அப்பா பார்த்துக்கொள்வார். விமானத்தில் வருவதானால் 28 வாரத்துக்கு மேல் டாக்டர் சான்றிதழ் கேட்கும் நிறுவனங்கள் உண்டு. அந்தச் சான்றிதழிலும் புதிய தேதிதான் இருக்க வேண்டும்.

வரும்போது அக்டோபர் 30 ரிப்போர்ட்டின் அசலைக் கொண்டுவா, கடைசி ஸ்கேன் மட்டும் போதாது. இங்கே பார்க்கப்போகும் டாக்டருக்கு உன்னைத் தெரியாது. கடைசி பீரியட்ஸ் தேதியைக் கேட்டால் நீ ஜூன் 12 என்பாய், உடனே மார்ச் 19 மறுபடி முளைத்துவிடும். அதனால் ஃபைலின் முதல் பக்கத்தில் பெரிதாக எழுதி ஒட்டு: பீரியட்ஸ் ஒழுங்கற்றது, 17 வார ஸ்கேன்படி பிரசவத் தேதி ஏப்ரல் 6. பிக்மி பதிவை, அதாவது கர்ப்பிணிகளுக்கு எண் கொடுக்கும் தமிழக அரசுப் பதிவை, நான் இங்கே செவிலியரிடம் சொல்லிப் போட்டு வைக்கிறேன். குழந்தையின் பிறப்புச் சான்றிதழுக்கு அந்த எண்ணைக் கேட்பார்கள். அதற்கு உன் ஆதார் நகலும் இந்த ரிப்போர்ட்டும் வேண்டும், சாயங்காலத்துக்குள் அனுப்பு.

இரும்புச்சத்து மாத்திரையை டீயோடு விழுங்காதே.

அன்புடன்,
அம்மா