பூட்டுப் படத்துக்குப் பக்கத்தில் ஒரு வரி எழுதுங்கள்: கன்சோல் கம்பெனிகளுக்கு ஒரு திறந்த மடல்

வீட்டில் விளையாடும் கேம் கன்சோல்களைத் தயாரித்து விற்று, அதற்கு மேல் மாதாமாதம் சந்தாவும் வாங்கிக்கொள்ளும் கம்பெனிகளுக்கு,

வணக்கம். ஒரு சனிக்கிழமை மாலை என் அக்கா மகன் கன்ட்ரோலரும் கையுமாக வந்து, "மாமா, கேம் பூட்டிக்கிச்சு" என்றான். போய்ப் பார்த்தேன். கேமின் படத்துக்கு ஓரமாக ஒரு சின்னப் பூட்டு. அழுத்தினால் 'இந்தக் கேமைத் தொடங்க முடியாது' என்கிற பொருளில் ஒரு வரியும், கீழே எழுத்தும் எண்ணுமாக ஒரு எரர் கோடும் வந்தன. முந்தின நாள் ராத்திரிதான் அதே கேமை அதே கன்சோலில் இரண்டு மணி நேரம் விளையாடிவிட்டுப் படுத்திருந்தேன். சந்தா காலாவதி ஆகிவிட்டதோ என்று பார்த்தேன். இல்லை, இன்னும் ஏழு மாதம் பாக்கி. நெட் ஒழுங்காக வந்துகொண்டிருந்தது. அப்புறம் எதற்குப் பூட்டு?

அது எந்தக் கம்பெனியின் கன்சோல் என்று இங்கே எழுதப்போவதில்லை. ஒருவரைக் கைகாட்டினால் மற்றவர்கள் தப்பித்துக்கொள்வீர்கள்.

வாடிக்கையாளர் உதவிக்குச் சாட்டில் போனேன். எதிர்முனையில் இருந்தவர் பணிவாகத்தான் பேசினார். கன்சோலை ஆஃப் செய்து ஆன் செய்யச் சொன்னார், செய்தேன். அக்கவுண்டிலிருந்து வெளியே வந்து மறுபடி உள்ளே போகச் சொன்னார், அதையும் செய்தேன். கடைசியில் கேமை அழித்துவிட்டு மறுபடி டவுன்லோடு செய்யச் சொன்னார். கிட்டத்தட்ட 90 ஜிபி. ராத்திரி முழுக்க இறங்கியது. பையன் விடியற்காலையிலேயே எழுந்து டிவி முன்னால் உட்கார்ந்துவிட்டான். 98 சதவீதம், 99 சதவீதம் என்று எனக்கு அறிவித்துக்கொண்டே இருந்தான். நூறு ஆனது. பூட்டு அப்படியே இருந்தது.

இதில் என்ன கொடுமை என்றால், கேம் வேறு, அதைத் திறக்கும் உரிமம் வேறு. உங்களுக்கே தெரிந்த விஷயம்தான், இதைப் படிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். கன்சோலுக்குள் கிடக்கிற 90 ஜிபி வெறும் சரக்கு. அதை யார், எந்தக் கன்சோலில், எதுவரை ஓட்டலாம் என்று சொல்வது உரிமம். அளவில் அது துக்கடா விஷயம். அக்கவுண்டோடு ஒட்டிக்கொண்டு உங்கள் சர்வரில் இருக்கிறது, அதன் நகல்தான் கன்சோலுக்கு வருகிறது. பூட்டு விழுந்தால் சிக்கல் அநேகமாக உரிமத்தில் இருக்கும், சரக்கில் இருக்காது. கதவு திறக்கவில்லை என்று வந்தவனிடம் சாவி எங்கே என்றுதானே முதலில் கேட்க வேண்டும்? வீட்டை இடித்துவிட்டுத் திரும்பக் கட்டு என்றா சொல்வார்கள்?

விஷயம் பிடிபட்டது தற்செயலாகத்தான். ஞாயிறு மத்தியானம் பையன் சாப்பிடப் போயிருந்தபோது, கடுப்பில் என் புரொஃபைலில் நுழைந்து அதே கேமை அழுத்தினேன். திறந்துகொண்டது. பூட்டே இல்லை. வெளியே வந்து அவன் புரொஃபைலில் நுழைந்தேன். பூட்டு. மறுபடி என்னுடையது, திறந்தது. நாலைந்து முறை இப்படி மாற்றி மாற்றிப் பார்த்த பிறகுதான் மண்டையில் உறைத்தது. சந்தா என் பேரில் இருக்கிறது. என் பேரில் நுழைந்தால் எந்தக் கன்சோலிலும் கேம் திறக்கும். அதே சந்தாவில் வீட்டிலுள்ள மற்றவர்களும் அவரவர் புரொஃபைலில் விளையாட வேண்டுமானால், அந்தக் கன்சோலை என் அக்கவுண்டின் முதன்மைக் கன்சோலாகக் குறித்திருக்க வேண்டும். இந்தக் கன்சோல் வீட்டுக்கு வந்து மூன்று நாள்தான் ஆகியிருந்தது. நான் குறிக்கவே இல்லை. அப்படி ஒன்று இருப்பதே ஞாபகத்தில் இல்லை.

அப்படியானால் என் முதன்மைக் கன்சோல் எது? பழையது. அது சத்தம் போட ஆரம்பித்ததால் அதே மாடலில் புதிதாக ஒன்று வாங்கிவிட்டு, பழையதைச் சித்தப்பா மகனுக்கு அப்படியே தூக்கிக் கொடுத்திருந்தேன். ஃபோன் போட்டேன். "எப்படிடா ஓடுது?" "சூப்பரா ஓடுது அண்ணா! எல்லாக் கேமும் சும்மாவே திறக்குது. நீங்க ஏதோ ஆஃபர்ல வாங்கிவெச்சிருக்கீங்கன்னு நெனச்சேன்."

ஆக, காசு கட்டுகிறவன் வீட்டில் பூட்டு, கட்டாதவன் வீட்டில் கதவு மல்லாக்கத் திறந்துகிடக்கிறது! உங்கள் கணினிக் கணக்குப்படி இரண்டுமே சரி. அதை நான் ஒத்துக்கொள்கிறேன். என் கவனக்குறைவுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பூட்டு முதல் தடவை தெரிந்தபோதே உங்கள் சர்வருக்குக் காரணம் தெரியும் இல்லையா? 'இந்தப் புரொஃபைலுக்குச் சந்தா இல்லை. சந்தாதாரரின் முதன்மைக் கன்சோல் இது இல்லை' என்று பார்த்துத்தானே அது பூட்டியது? தெரிந்ததை என்னிடம் சொல்லாமல் ஏன் ஒரு கோடு எண்ணை நீட்டியது? செட்டிங்ஸில் ஒரே ஒரு தேர்வை மாற்றியதும் எல்லாம் திறந்துகொண்டது. ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. (தம்பி அன்று சாயங்காலமே கூப்பிட்டு, "அண்ணா, எல்லாம் பூட்டிக்கிச்சு" என்றான். அவனுக்காவது என்னால் காரணம் சொல்ல முடிந்தது.)

இந்த முதன்மைக் கன்சோல் சமாச்சாரத்துக்கு ஆளாளுக்கு ஒரு பேர் வைத்திருக்கிறீர்கள். பிளேஸ்டேஷன் 4-இல் 'பிரைமரி', பிளேஸ்டேஷன் 5-இல் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளே', எக்ஸ்பாக்ஸில் 'ஹோம் எக்ஸ்பாக்ஸ்'. பூட்டிக்கொண்ட கேமை முன்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவனுக்கு 'ஷேரிங்' என்ற வார்த்தையைத் தேடத் தோன்றுமா? அவன் 'பூட்டு' என்றுதான் தேடுவான். இஷ்டத்துக்கு மாற்றவும் விடுவதில்லை. ஹோம் எக்ஸ்பாக்ஸை ஒரு வருடத்தில் 5 முறைதான் மாற்றலாம். பிளேஸ்டேஷன் அக்கவுண்டில், கையில் இல்லாத கன்சோல்களையும் சேர்த்து மொத்தமாக நீக்குவதை 6 மாதத்துக்கு ஒருமுறைதான் செய்யலாம். தவறான பயன்பாட்டைத் தடுக்க வரம்பு வேண்டும், சரி. ஆனால் காரணம் தெரியாமல் கண்டதையும் அழுத்திப் பார்க்கிறவன் தேவையில்லாமல் அந்த வரம்பையும் தீர்த்துவிட்டு நிற்பான்.

என் கதையில் காரணம் இதுவாக இருந்தது. வேறொருவர் வீட்டில் இதே பூட்டு வேறு காரணத்துக்காக விழும். கார்டு மாறியிருக்கும், தானாகப் புதுப்பிக்க வேண்டிய சந்தா அதனால் நின்றுபோயிருக்கும். உயர்ந்த திட்டத்திலிருந்து அடிப்படைத் திட்டத்துக்கு இறங்கியிருப்பார், மேல் திட்டத்தின் தொகுப்பிலிருந்து இறக்கிய கேம்கள் எல்லாம் பூட்டிக்கொண்டிருக்கும். அல்லது சந்தா ஒழுங்காக இருந்தும், கன்சோலில் இருக்கிற உரிம நகல் பழசாகிப் போயிருக்கும். இந்தக் கடைசிச் சிக்கலுக்குப் பிளேஸ்டேஷனில் 'ரீஸ்டோர் லைசென்ஸ்' என்றே ஒரு வசதி உண்டு. அக்கவுண்டுக்கான மெனுவில், 'மற்றவை' என்கிற தலைப்புக்கு உள்ளே. மருந்தை வாங்கி வைத்துவிட்டு அதைப் பரணில் ஏற்றி வைத்ததுபோல.

தொகுப்பிலிருந்து கேமையே எடுத்துவிடுவதும் உண்டு. எக்ஸ்பாக்ஸின் சந்தாத் திட்டமான கேம் பாஸிலிருந்து வெளியேறப்போகும் கேம்களை முன்கூட்டியே தனி வரிசையில் காட்டுகிறார்கள். அது நல்ல பழக்கம்தான். ஆனால் மூன்று வாரம் கன்சோல் பக்கமே போகாமல், திரும்பி வந்து அழுத்துகிறவனுக்கு அந்த வரிசை எப்படித் தெரியும்?

இன்னொரு குழப்பம், 'சேர்த்துக்கொண்ட' கேம்கள். பிளேஸ்டேஷனின் சந்தாத் திட்டமான பிளேஸ்டேஷன் பிளஸில், மாதாமாதம் கொடுக்கும் கேமை அந்த மாதத்துக்குள் லைப்ரரியில் சேர்த்துக்கொண்டால், சந்தா இருக்கும்வரை அது திறக்கும். சேர்க்காமல் விட்டால் போனது போனதுதான். பிளேஸ்டேஷன் 5 வந்தபோது, 2020 நவம்பரில், சந்தாதாரர்களுக்கென்று பிளேஸ்டேஷன் பிளஸ் கலெக்‌ஷன் என்ற ஒரு தொகுப்பு கொடுத்தார்கள். 2023 மே 9-ஆம் தேதியோடு அதை எடுத்துவிட்டார்கள். அதற்குள் பொத்தானை அழுத்தி வைத்தவருக்குச் சந்தா உள்ளவரை அந்தக் கேம்கள் திறக்கும், அழுத்தாதவருக்குத் திறக்காது. இரண்டு பேரும் கட்டுவது ஒரே சந்தா. சந்தாதாரர்களுக்கு மாதாமாதம் கேம் கொடுத்த எக்ஸ்பாக்ஸின் பழைய 'கேம்ஸ் வித் கோல்ட்' இன்னும் வேடிக்கை: அதில் வாங்கிய எக்ஸ்பாக்ஸ் 360 கேம்கள் சந்தா நின்றாலும் உங்களுடையவை, எக்ஸ்பாக்ஸ் ஒன் கேம்கள் சந்தா நின்றதும் பூட்டிக்கொள்ளும். ஒரே திட்டம், ஒரே மாதம், ஒரே அக்கவுண்ட், இரண்டு விதி. இதையெல்லாம் ஒரு சராசரி மனிதன் மனப்பாடம் செய்துகொண்டா விளையாட உட்காருவான்?

சில நேரம் தப்பு முழுக்க உங்கள் பக்கம்தான் இருக்கும். 2025 பிப்ரவரி 7, 8 தேதிகளில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க் ஏறக்குறைய ஒரு நாள் முழுக்கப் படுத்துவிட்டது. 'செயல்பாட்டுச் சிக்கல்' என்று ஒரு வரியில் முடித்துக்கொண்டு, பிளஸ் சந்தாதாரர்களுக்கு 5 நாள் கூடுதலாகக் கொடுத்தார்கள். நாட்களைக் கொடுத்தது சரி. அந்த மாதிரி நேரத்தில் சர்வர் விழுந்திருக்கிறது என்பதைப் பூட்டுக்குப் பக்கத்திலேயே சொல்லிவிட்டால், எத்தனை பேர் ரவுட்டரைப் பிடுங்கி மாட்டாமல் நிம்மதியாகத் தூங்கப் போயிருப்பார்கள்!

பிளேஸ்டேஷன் 4-இன் உள்ளே கடிகாரத்துக்காக ஒரு பொத்தான் பேட்டரி இருக்கிறது. அது தீர்ந்துபோய், கன்சோலும் நெட்டில் இல்லாமல் இருந்தால், காசு கொடுத்து வாங்கிய வட்டுகூட ஓடாமல் நின்ற காலம் ஒன்று இருந்தது. கேமில் சாதித்தால் திரையில் கிடைக்கும் கோப்பைகளுக்குத் தேதி குத்துவதற்காக வைத்திருந்த சோதனை அது என்பார்கள். 2021 செப்டம்பரில் வந்த 9.00 அப்டேட்டில் கமுக்கமாகச் சரிசெய்துவிட்டார்கள். மனசு வைத்தால் செய்ய முடிகிறது என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன்.

இது முழுக்க முழுக்க நேர்மை சம்பந்தப்பட்ட விஷயம் என்று பெரிய வார்த்தை பேசப்போவதில்லை. ஆனால் அதுவும் கொஞ்சம் இருக்கிறது. சந்தாவில் எடுத்த கேமும் காசு கொடுத்து வாங்கிய கேமும் லைப்ரரியில் பக்கத்து பக்கத்தில், பார்க்க ஒரே மாதிரி நிற்கின்றன. எது சொந்தம், எது இரவல் என்று பூட்டு விழுகிற அன்றைக்குத்தான் தெரிகிறது. டிஜிட்டல் பொருளை 'வாங்கு' என்று சொல்லி விற்பவர்கள், கொடுப்பது உரிமம் மட்டும்தான் என்பதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று கலிஃபோர்னியாவில் சட்டமே போட்டுவிட்டார்கள். 2025 ஜனவரி முதல் அது நடைமுறையில் இருக்கிறது. விற்கும்போது சொல்லச் சட்டம் வந்துவிட்டது. பூட்டும்போது சொல்ல ஒரு சட்டம் வரும்வரை காத்திருக்கத்தான் வேண்டுமா?

நான் கேட்பது அதிகமில்லை. கேம்களை எல்லாம் இலவசமாகத் திறந்துவிடச் சொல்லவில்லை. சந்தா முடிந்தால் பூட்டுங்கள், நியாயம்தான். ஆனால் பூட்டும்போது ஏன் என்று சொல்லுங்கள். அதை எங்கே மாற்றலாம் என்று அந்த இடத்திலேயே ஒரு பொத்தான் வையுங்கள், மெனுவுக்குள் மெனுவாகத் தோண்டவிடாதீர்கள். உதவி மையத்தில் உட்கார்ந்திருப்பவர்களுக்குக் கொடுக்கும் கேள்வித்தாளில் முதல் கேள்வியை மாற்றுங்கள். 'ஆஃப் செய்து ஆன் செய்தீர்களா' என்பதற்குமுன், 'யாருடைய புரொஃபைலில் பூட்டு தெரிகிறது, சந்தா யார் பேரில் இருக்கிறது' என்று கேட்கட்டும். என்னிடம் இதைக் கேட்டிருந்தால் ஐந்து நிமிடத்தில் வேலை முடிந்திருக்கும். 'கேமை அழியுங்கள்' என்பது பட்டியலில் கடைசியாக இருக்கட்டும், அதுவும் உரிமத்தைச் சரிபார்த்த பிறகு.

அந்த வரியை எழுத உங்களிடம் ஆள் இல்லை என்றால், நானே எழுதித் தருகிறேன், கூலி வேண்டாம்: 'இந்தக் கேம் உங்கள் மாமாவின் சந்தாவில் உள்ளது. அவருடைய முதன்மைக் கன்சோல் இது இல்லை. மாற்ற, அவரைக் கூப்பிட்டு இங்கே அழுத்தச் சொல்லுங்கள்.'

மாமா என்பதை மட்டும் ஆளுக்கு ஏற்றபடி மாற்றிக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
இன்னும் ஏழு மாதச் சந்தா பாக்கியுள்ள ஒருவன்