சமரசத்துக்கு விலை கொடுத்தவர்கள்

ஆசிரியருக்கு,

அமெரிக்க உள்நாட்டுப் போர் குறித்த உங்கள் கட்டுரை, அடிமைமுறை குறித்து வட, தென் மாநிலங்கள் செய்துகொண்ட 1850ஆம் ஆண்டு சமரசத்தை, போரைப் பத்தாண்டு தள்ளிப்போட்ட சாதனை என்று பாராட்டுகிறது. சரி, தள்ளிப்போட்டது உண்மைதான். ஆனால் அதற்கு விலை கொடுத்தவர்கள், பேச்சுவார்த்தையில் இடமே இல்லாத அடிமைகள்.

கலிபோர்னியா அடிமைமுறை இல்லாத மாநிலமாகச் சேர்ந்தது. பதிலுக்குத் தென்மாநிலங்கள் கேட்டு வாங்கியது, தப்பியோடிய அடிமைகளைப் பிடித்துக்கொடுக்கும் கடுமையான சட்டம். பிடிபட்டவர் தன் தரப்பில் சாட்சி சொல்ல முடியாது, ஜூரியும் கிடையாது. விசாரிக்கும் ஆணையர் அவரை உரிமை கோருபவரிடம் ஒப்படைத்தால் ஆணையருக்குக் கிடைக்கும் கட்டணம் 10 டாலர், விடுவித்தால் 5 டாலர். இதை முதலில் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. அடிமைமுறை இல்லாத வடமாநிலமான மாசசூசெட்ஸின் செனட்டர் டேனியல் வெப்ஸ்டரே இந்தச் சமரசத்துக்காகப் பேசினார் என்பது இன்னும் வலிக்கிறது.

அவருடைய கட்சியாவது பிழைத்ததா? 1852 தேர்தலில் தோற்ற விக் கட்சி, 1854இல், அந்தப் பிரதேசங்களில் அடிமைமுறை வேண்டுமா என்பதை அங்கு குடியேறியவர்களே முடிவு செய்யலாம் என்ற கான்சாஸ்-நெப்ராஸ்கா சட்டம் வந்ததும் வடக்கு, தெற்கு என்று பிளந்து சிதறியது. அதிலிருந்த லிங்கன் அப்புறம் குடியரசுக் கட்சிக்குப் போனார்.

அதே 1854இல், தப்பியோடி வந்த அடிமையாக பாஸ்டனில் அந்தச் சட்டப்படி பிடிபட்டு, படை சூழ வர்ஜீனியாவுக்குத் திருப்பி அனுப்பப்பட்டவர் ஆண்டனி பர்ன்ஸ். அவரைப் பற்றியும் தயவுசெய்து எழுதுங்கள்.

வாசகர்,
திருச்சி