கிளார்க்ஸ்டேல் ஊர்க்காரர்களுக்கு: அந்த வாத்தியார்கள் பெயரையும் எழுதுங்கள்

மிசிசிப்பியின் கிளார்க்ஸ்டேல் நகர நிர்வாகத்துக்கும், அங்கே சுற்றுலாவைக் கவனிக்கிறவர்களுக்கும் வணக்கம்.

61-ம் நெடுஞ்சாலையும் 49-ம் நெடுஞ்சாலையும் சந்திக்கும் இடத்தில் மூன்று நீல கிட்டார்களைக் கம்பத்தில் ஏற்றி வைத்திருக்கிறீர்கள். ப்ளூஸ் இசையின் பழைய கிட்டார் மேதை ராபர்ட் ஜான்சன் நள்ளிரவில் சாத்தானிடம் ஆன்மாவை விற்று வித்தை வாங்கிய இடம் என்று ஊர் உலகமே அங்கே நின்று போட்டோ எடுத்துக்கொள்கிறது. எடுக்கட்டும், எனக்கும் அந்தக் கதை பிடிக்கும். ஆனால் ஜான்சனுக்கே ஐக் சிம்மர்மன் என்று ஒரு வாத்தியார் இருந்தார், ராத்திரியில் கல்லறைத் தோட்டத்தில் உட்கார்ந்து அவரோடு சாதகம் செய்தார் என்று சிம்மர்மன் குடும்பத்தாரே சொல்லியிருக்கிறார்கள்; அதைக் கேட்கத்தான் ஆள் இல்லை.

சரி, அது பழைய கதை. 1999-ல் உங்கள் ஊரில் பிறந்த ப்ளூஸ் கிட்டார்க்காரர் கிறிஸ்டோன் இங்ராமுக்கு வருகிறேன். டெல்டா ப்ளூஸ் மியூசியத்தில் பள்ளி விட்ட பிறகு நடக்கும் வகுப்பில்தான் அந்தப் பையன் வளர்ந்தான். முதலில் டிரம்ஸ், அப்புறம் பேஸ் கிட்டார், கடைசியில்தான் சாதாரண கிட்டார். பில் பெர்ரி, ரிச்சர்ட் கிரிஸ்மன் என்ற இரண்டு வாத்தியார்கள். 'கிங்ஃபிஷ்' என்ற பட்டப்பெயரை வைத்ததும் பெர்ரிதான். 2014-ல், பதினைந்து வயதில், அந்த வகுப்புப் பிள்ளைகளோடு வெள்ளை மாளிகையில் போய் வாசித்தார். 2019-ல் முதல் ஆல்பம், மூத்த ப்ளூஸ் கலைஞர் பட்டி கய் கூடவே ஒரு பாட்டில் சேர்ந்துகொண்டார். அதே வருடம் தாயார் இறந்துபோனார். மகனுக்கு எல்லாமாகவும் இருந்த அம்மா. 2021-ல் வந்த அடுத்த ஆல்பத்துக்கு '662' என்று பெயர். உங்கள் பகுதியின் டெலிபோன் கோடு என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. 2022-ல் அதற்கு கிராமி.

அவர் கம்பியைத் தள்ளி ஒரு ஸ்வரத்தை வளைக்கிறபோது, அது போய்ச் சேர வேண்டிய இடத்துக்கு ஒரு மயிரிழை கீழேயே கொஞ்ச நேரம் நிற்கும், கமகம் கேட்டுப் பழகிய காதுக்கு அந்த இடம் சட்டென்று பிடிபடும், அப்புறம்தான் மேலே ஏறும். நானும் வீட்டில் முயன்று பார்த்தேன். விரல் நுனி கன்றிப்போனதுதான் மிச்சம். அதற்கு யாரோ பக்கத்தில் உட்கார்ந்து "இன்னும் தள்ளு, போதும், நிறுத்து" என்று சொல்லியிருக்க வேண்டும், பல வருடம். சாத்தானுக்கு அவ்வளவு பொறுமை கிடையாது.

அதனால் ஒரே ஒரு கோரிக்கை. அந்த மூன்று கிட்டார்களுக்குக் கீழே, கம்பத்தில் இடம் இருக்கிற மட்டும், இந்த இரண்டு வாத்தியார்கள் பெயரையும் எழுதுங்கள். சிம்மர்மன் பெயரையும் சேர்த்தால் சந்தோஷம். நீல பெயின்ட் தீர்ந்துபோயிருந்தால் ஊதாவில் எழுதலாம், ஃபெண்டர் கம்பெனி கிங்ஃபிஷ் பெயரில் போட்ட டெலிகாஸ்டர் கிட்டார் அந்த நிறம்தானே.

இப்படிக்கு,
தூரத்திலிருந்து கேட்கும் ஒரு ரசிகன்