மூன்று ஆஸ்கரிலும் இரண்டு பெயர்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஞாயிறு இணைப்பில் இத்தாலியக் கலை இயக்குநர் தாந்தே பெர்ரெட்டி பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். பசோலினி, பெலினி, ஸ்கோர்செஸி என்று அவர் வேலை பார்த்த இயக்குநர்கள், 'கேங்ஸ் ஆஃப் நியூயார்க்' படத்துக்காக ரோமின் சினேசிட்டா ஸ்டுடியோவில் எழுப்பிய 19ஆம் நூற்றாண்டுத் தெருக்கள், எல்லாம் சரி. ஆனால் மூன்று ஆஸ்கரும் அவர் தனியாக வாங்கியவை அல்ல. 'தி ஏவியேட்டர்', 'ஸ்வீனி டாட்', 'ஹியூகோ' மூன்றுக்கும் அவரோடு சேர்ந்து விருது பெற்றவர் செட் டெக்கரேட்டர் பிரான்செஸ்கா லோ ஸ்கியாவோ. அவருடைய மனைவியும்கூட. கட்டுரையில் அந்தப் பெயரே இல்லை. ஒரு சின்னத் திருத்தம் போட்டால் நல்லது.

சினிமாவில் ப்ராப்பர்ட்டி, அதாவது காட்சியில் வரும் சாமான்களை, பார்த்தே தலை நரைத்தவன் என்பதால் எனக்கு இது உறுத்துகிறது. சுவரும் தெருவும் ஆர்ட் டைரக்டர் பொறுப்பு. கதவைத் திறந்தால் உள்ளே என்னென்ன இருக்க வேண்டும் என்று பார்ப்பது செட் டெக்கரேட்டர் தலையில். 'ஹியூகோ'வுக்காக இங்கிலாந்தின் ஷெப்பர்டன் ஸ்டுடியோவில் 1931ஆம் ஆண்டுப் பாரிஸ் ரயில் நிலையத்தைக் கட்டினார்கள். அதில் வரும் பெரியவரின் பொம்மைக் கடையைப் பாருங்கள். கடையைத் தச்சர் நிறுத்திவிடுவார். சாவி கொடுத்தால் ஓடும் எலி எங்கே இருக்க வேண்டும், எந்தப் பொம்மையில் பெயிண்ட் உரிந்திருக்க வேண்டும்? காமிரா கிட்டே வரும்போது மாட்டிக்கொள்வது இந்த ஆள்தான். பிளஸ் திருகாணி பரவலாகப் புழக்கத்துக்கு வந்ததே 1930களின் நடுவில். 1931 கடையில் ஒன்று பளிச்சென்று தெரிந்தால் போச்சு! பழைய மேஜை வாடகைக்கு எடுக்கப் போனால் நான் முதலில் அதைக் கவிழ்த்துத் திருகாணியைத்தான் பார்ப்பேன். கடைக்காரர்கள் சிரிப்பார்கள்.

அப்புறம், ஆபராவுக்கு, அதாவது பாடியே நடிக்கும் மேடை நாடகத்துக்கு, அவர் செய்த வேலையை ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். 2008இல் பாரிஸ் ஷாத்லே அரங்கில் டேவிட் குரோனென்பெர்க் இயக்கிய 'தி ஃப்ளை' ஆபராவுக்கும் பெர்ரெட்டிதான் மேடை அமைத்தார். அங்கே குளோஸ்-அப் கிடையாது, இன்னொரு டேக்கும் கிடையாது. திருகாணி யார் கண்ணிலும் படாது. ஆனால் பாடகர் ஏறும் படிக்கட்டு ஆடினால் மாடியில் கடைசி வரிசைக்காரருக்கும் தெரிந்துவிடும். இப்படி நேரெதிரான இரண்டு வேலையையும் ஒரே மனிதர் எப்படிச் செய்கிறார் என்று தெரிந்துகொள்ளத்தான் கட்டுரையை எடுத்தேன். சிவப்புக் கம்பளப் படத்துக்கு மட்டும் அரைப் பக்கம் கொடுத்திருக்கிறீர்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சினிமா ப்ராப்பர்ட்டிக்காரர்,
சாலிகிராமம், சென்னை