மரீசா பரேதெஸ் படங்களுக்கு முழு சப்டைட்டில் வேண்டும்: ஓடிடி நிர்வாகத்தாருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய நிர்வாகத்தாருக்கு,

வணக்கம். 2024 டிசம்பர் 17 அன்று ஸ்பானிய நடிகை மரீசா பரேதெஸ் காலமானபின் உங்கள் தளத்தில் அவருக்கு ஓர் அஞ்சலி வரிசை வைத்தீர்கள். அதற்கு நன்றி. அந்தப் படங்களின் சப்டைட்டிலில் வசனங்கள் விட்டுப்போயிருப்பது பற்றிய புகார்கள் உங்கள் மேசைக்கு வந்திருக்கும். பரிசீலிக்கிறோம் என்ற பதிலைத் தாண்டி ஒன்றும் நடக்காததால் பொதுவில் எழுதுகிறேன்.

1995இல் ஸ்பானிய இயக்குநர் அல்மோதோவார் எடுத்த 'தி ஃப்ளவர் ஆஃப் மை சீக்ரெட்' படத்தையே பாருங்கள். அதில் பரேதெஸ் லியோ என்கிற எழுத்தாளர். கணவன் கைவிட்டுப் போகிறான். மாத்திரைகளை விழுங்கிவிட்டுப் படுத்துவிடுகிறாள். அப்போது தொலைபேசிப் பதிவுக் கருவியில் அம்மாவின் குரல் வருகிறது. இன்னொரு மகளோடு சண்டை, நான் ஊருக்கே போகிறேன் என்று அந்த அம்மா புலம்புகிறாள். மகள் சாகக் கிடப்பது அவளுக்குத் தெரியாது. அந்தப் புலம்பல்தான் லியோவை எழுப்புகிறது. உங்கள் சப்டைட்டிலில் இந்த இடத்தில் ஒரு வரிகூட இல்லை. பேசுகிறவர் திரையில் தெரியாவிட்டால் வசனத்தை விட்டுவிடலாம் என்று யார் முடிவு செய்தார்கள்? ஸ்பானியம் தெரியாத எங்களுக்கு, எங்கிருந்தோ ஒரு குரல் கேட்கிறது, ஒரு பெண் ஏனென்று தெரியாமல் எழுந்துகொள்கிறாள், அவ்வளவுதான். பரேதெஸின் முகத்தில் நடப்பதெல்லாம் வீணாகிறது. தயவுசெய்து முழு சப்டைட்டில் கொடுங்கள்.

அவர் வசனத்தில் வளர்ந்த நடிகை. மாட்ரிட்டில் தெயாத்ரோ எஸ்பஞோல் நாடக அரங்கு இருக்கும் சாந்தா ஆனா சதுக்கத்தில், ஒரு கட்டடத்தின் வாயிற்காவல் வேலை பார்த்த அம்மாவின் மகள். பதினான்கு வயதில் சினிமாவில் தலைகாட்டினார். அப்புறம் நாடக மேடை, ஸ்பானியத் தொலைக்காட்சியின் 'எஸ்தூதியோ 1' நாடகங்கள் என்று வருடக்கணக்கில் உழைத்தார். உலகம் அவரைக் கவனித்தது 1991இல் 'ஹை ஹீல்ஸ்', 1999இல் 'ஆல் அபவுட் மை மதர்' வந்த பிறகுதான். இத்தனைக்கும் ஸ்பெயினின் திரைப்பட விருதான கோயா, போட்டிப் பிரிவில் ஒன்றுகூட அவருக்குக் கிடைக்கவில்லை. 2018இல் கௌரவ கோயா கொடுத்தார்கள். 2003இல் ஈராக் போருக்கு எதிராக கோயா விழா மேடையிலேயே கலைஞர்கள் குரல் எழுப்பியபோது ஸ்பானியத் திரைப்பட அகாதமியின் தலைவர் அவர்தான். இறந்தபின் அவர் உடலை மக்கள் பார்க்க வைத்ததும் அதே தெயாத்ரோ எஸ்பஞோலில்தான்.

இப்படிப்பட்டவருக்கு அஞ்சலி என்று சொல்லிவிட்டு அல்மோதோவார் படங்களை மட்டும் அடுக்கியிருக்கிறீர்கள். இயக்குநர் கியெர்மோ தெல் தோரோவின் 'தி டெவில்ஸ் பேக்போன்' எங்கே? மெக்ஸிகோவில் இயக்குநர் ரிப்ஸ்டெய்ன் அவரை வைத்து எடுத்த படங்கள் எங்கே? மாதச் சந்தாவை மட்டும் ஒரு நாள் தவறாமல் எடுத்துக்கொள்கிறீர்கள். மன்னிக்கவும், கோபத்தில் எங்கோ போய்விட்டேன். உரிமை வாங்குவதில் சிக்கல்கள் இருக்கும், அது புரிகிறது. கையில் இருக்கும் படங்களுக்கு முழு சப்டைட்டில் போடுவதில் அந்தச் சிக்கல் இல்லையே.

ஸ்பானியம் தெரிந்த ஒருவரை உட்காரவைத்து, திரைக்கு வெளியே கேட்கும் குரல், தொலைபேசிக் குரல் எல்லாவற்றையும் சேர்த்து வசனங்களைச் சரிபார்க்கச் சொல்லுங்கள். எல்லாப் படத்தையும் ஒரே மூச்சில் முடிக்க வேண்டாம். முதலில் லியோவின் அம்மா பேசும் அந்தக் காட்சியைச் சரிசெய்யுங்கள். எப்போது முடியும் என்று ஒரு தேதியும் தெரிவித்தால் நன்றியுடையவனாக இருப்பேன்.

இப்படிக்கு,
உங்கள் சந்தாதாரர்களில் ஒருவன்