தவில் ஏன் முட்டை வடிவத்தில் இருக்கிறது?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

அட்டையில் 'டிஜிட்டல் ரீமாஸ்டர்' என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்ததை நம்பி 'தில்லானா மோகனாம்பாள்' டிவிடி ஒன்று வாங்கினேன். சிக்கல் சண்முகசுந்தரம், திருவாரூர் மோகனாம்பாள் என்றால் எங்களுக்குப் பக்கத்து ஊர்க்காரர்கள் மாதிரி, விடுவோமா? போட்டுப் பார்த்தால் சிவாஜி, பத்மினி, பின்னால் தொங்கும் திரைச்சீலை எல்லாம் ஒரே ரோஸ் கலர். 1968இல் வந்த படம், சாயம் வெளுக்கத்தான் செய்யும். அந்தக் காலத்துக் கலர் பிரிண்ட்டில் நீலப்பச்சைச் சாயம் முதலில் போய்விடும், சிவப்புதான் மிஞ்சும். சரி, அதைத் திருத்துவதற்குத்தானே ரீமாஸ்டர்? இவர்கள் செய்ததெல்லாம் கீறலைத் துடைக்கிறேன் பேர்வழி என்று பாலையாவின் முகச் சுருக்கத்தையும் சேர்த்துத் துடைத்து மொழுமொழுவென்று ஆக்கியதும், அகல டிவிக்காகப் படத்தைப் பக்கவாட்டில் இழுத்துவிட்டதும்தான். அவர் வாசிக்கும் தவில் முட்டை வடிவத்தில் இருக்கிறது!

சத்தம் அதைவிட மோசம். மதுரை சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள் வாசித்த நாதஸ்வரத்துக்கு எக்கோ சேர்த்து, சுற்றிலும் ஸ்பீக்கர் வைத்துக் கேட்கிற 5.1 ஆக்கியிருக்கிறார்கள். யார் கேட்டது? பழைய மோனோவையும், அதாவது அந்த ஒற்றைத் தட ஒலியையும், ஒரு ஓரமாக வைத்திருக்கலாமே.

சத்யஜித் ராயின் அபு படங்கள் மூன்றின் நெகட்டிவ் 1993இல் லண்டனில் தீயில் கருகியது. அதில் தேறியதை இத்தாலியில் போலோன்யா லேபில் கையாலேயே ஒட்டிச் சீராக்கி, தேறாத பகுதிக்கு வேறு பிரதிகளைத் தேடிப் பிடித்து, 2015இல் 4கே தரத்தில் வெளியிட்டார்கள். அந்த டிஸ்க்கில் நடித்தவர்களின் பேட்டிகளும் உண்டு. நமக்கு போனஸ் என்றால் அதே கம்பெனியின் மற்றப் படங்களுக்கு விளம்பரம், அவ்வளவுதான்.

இத்தனைக்கும் செலவு பெரிதாக ஆகாது. தஞ்சாவூர், திருவாரூர் பக்கம் வந்து நாதஸ்வர வித்வான் ஒருவரை உட்காரவைத்து, போட்டிக் காட்சியை ஓடவிட்டு, சிவாஜியின் விரல் எந்த இடத்தில் சரியாக விழுகிறது, சீவாளியை (வாயில் வைத்து ஊதும் நாணல் துண்டை) உதட்டில் வைத்த விதம் எப்படி, எங்கே மூச்சு எடுக்கிறார் என்று பேசச் சொன்னாலே அரை மணி நேரம் சுவாரசியமாக ஓடும். இன்னும் அரை மணி தவில்காரருக்குக் கொடுங்கள், பாலையாவைப் பற்றிச் சொல்ல அவருக்கும் நிறைய இருக்கும்.

இப்படி ஒன்று வந்தால் விலை மூன்று மடங்கு என்றாலும் வாங்க இங்கே ஆள் இருக்கிறது. அப்புறம், படம் முழுக்க மூலையில் மின்னும் அந்தக் கம்பெனி முத்திரையை மட்டும் தயவுசெய்து எடுத்துவிடுங்கள். ஆடும்போது பத்மினியின் கையை அது மறைக்கிறது.

இப்படிக்கு,
ஒரு வாசகர், மயிலாடுதுறை